அங்கீகாரம் யாருடைய சொத்து?



ஒரு தொழிற்சங்கத்துக்குச் சட்டப்படி அங்கீகாரம் கிடைத்துவிட்டால், நிர்வாகத்தோடு பேரம் பேசும் உரிமை அதன் கைக்குப் போகிறது. அது கையெழுத்திடும் ஒப்பந்தமே நம் வீட்டு அடுப்பு எரிவதைத் தீர்மானிக்கிறது. அந்தச் சங்கம் முதலாளியின் கைப்பாவையாகிவிட்டால், "இது எங்கள் சங்கமல்ல" என்று சொல்லும் உரிமை யாருக்கு?

பம்பாய்ப் பஞ்சாலைகளில் 1946ஆம் ஆண்டுச் சட்டப்படி ராஷ்டிரிய மில் மஸ்தூர் சங்கமே பிரதிநிதிச் சங்கம். 1982 ஜனவரி 18இல் சுமார் இரண்டரை லட்சம் தொழிலாளர்கள் தத்தா சாமந்த் தலைமையில் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். கூலி உயர்வோடு, அந்தச் சட்டம் ஒழிய வேண்டும் என்பதும் அவர்கள் கோரிக்கை. ஆலைக்குள் ஆளில்லை; ஏட்டில் மட்டும் பழைய சங்கமே பிரதிநிதி! அந்த ஏட்டைக் காட்டியே போராட்டம் நசுக்கப்பட்டது.

1971இல் மராட்டிய அரசு இயற்றிய தொழிற்சங்க அங்கீகாரச் சட்டம் ஒரு கதவைத் திறந்தது. மோசடியால் பெற்ற அங்கீகாரத்தையும், முதலாளி நலனுக்காகவே நடக்கும் சங்கத்தின் அங்கீகாரத்தையும் தொழில் நீதிமன்றம் ரத்து செய்யலாம் என்றது. ஆனால் அந்த இடத்துக்குப் போட்டியிட, அதைவிட அதிக உறுப்பினர் கொண்ட வேறொரு சங்கம்தான் வரவேண்டும். அதுவும் இரண்டு ஆண்டு பொறுத்து. தனித் தொழிலாளி வாசலிலேயே நின்றான்.

2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்த தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு என்ன சொல்கிறது? பல சங்கங்கள் உள்ள இடத்தில் 51 விழுக்காடு ஆதரவு பெற்ற சங்கமே தனிப் பேச்சுவார்த்தைச் சங்கம். எதற்கும் அந்த அளவு இல்லையென்றால், 20 விழுக்காட்டுக்குக் குறையாத சங்கங்கள் கூடிய குழு. அங்கீகாரம் மூன்று ஆண்டுக்கு. முதலாளியும் சங்கமும் ஒத்துக்கொண்டால் மொத்தம் ஐந்து ஆண்டு வரை நீளும். கவனியுங்கள்: முதலாளியும் சங்கமும்! சந்தா கட்டுகிறவனை ஒரு வார்த்தை கேட்க வேண்டாமா?

இன்னொரு சூழ்ச்சியும் உண்டு. இந்த விழுக்காடு மஸ்டர் ரோலில் பெயர் உள்ளவர்களைக் கொண்டே கணக்கிடப்படுகிறது. காண்டிராக்டர் மூலம் வேலைக்கு வந்த நம் பிள்ளைகளின் பெயர் கம்பெனியின் மஸ்டரில் இல்லை. அதே இயந்திரம், அதே வியர்வை. எண்ணிக்கையில் மட்டும் அவன் ஆளே இல்லை!

"எவரும் எதிர்க்கலாம் என்றால் தினம் ஒரு வழக்கு, ஆலையில் அமைதி இராது" என்பார்கள். ரயில்வேயில் 2007 முதல் ரகசிய வாக்கெடுப்பு நடத்தியே சங்கங்களுக்கு அங்கீகாரம் தருகிறார்கள். ரயில் நின்றுவிட்டதா? அங்கே முடிவது ஆலையில் ஏன் முடியாது?

நாம் கேட்பது மூன்று. ஒவ்வோர் இடத்திலும் ரகசிய வாக்கெடுப்பு. காண்டிராக்ட் தொழிலாளிக்கும் வாக்கு. குறிப்பிட்ட அளவு தொழிலாளர்கள் கையொப்பமிட்டால், இடையிலேயே மறுவாக்கெடுப்பு.

அதுவரை சும்மா இருக்க வேண்டாம். சந்தா ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். உறுப்பினர் பட்டியலில் உங்கள் பெயர் இருக்கிறதா என்று கேளுங்கள். மொழி தெரியாதென்று ஒதுங்காமல், மராத்தித் தோழனையும் வடநாட்டுத் தோழனையும் சேர்த்துக்கொண்டு கேளுங்கள். அங்கீகாரம் முதலாளி போடும் பிச்சையுமல்ல, தலைவர்களின் பரம்பரைச் சொத்துமல்ல. கொடுத்த நாமே திரும்பக் கேட்கவும் உரியவர்கள்!