சாட்சிகள் போனபின் சாவு வந்தது!

புதுவைக் கடற்கரையில் மாலைக் காற்று வாங்கியபடி உலக அரசியல் பேசுவோர் பலர். அவருள் ஒரு சாரார், ஈழத்தைப் பற்றிப் பேச்செடுத்தால் போதும், ஒரே பல்லவியைப் பாடத் தொடங்கிவிடுகின்றனர். "ஒரு நாட்டின் உள்விவகாரத்தை அயலார் வந்து கண்காணிப்பதா? இறையாண்மைக்கு அது இழுக்கல்லவா?" என்கின்றனர்.

எந்த ஊரில் நின்றுகொண்டு பேசுகிறார்கள் இந்தப் பேச்சை? புதுவையில்! இவ்வூரின் வரலாற்றை மறந்தவர்களாலன்றோ இப்படிப் பேச முடியும்!

1951-ஆம் ஆண்டை எண்ணிப் பாருங்கள். பிரெஞ்சுக் கொடி இங்கே பறந்த காலம். மக்களின் விருப்பத்தை வாக்கெடுப்பால் அறிவோம் என்றது பாரிஸ். அடியாட்கள் தெருவை ஆண்ட அந்நாளில் வாக்குச்சீட்டுக்கு என்ன மதிப்பு இருந்திருக்கும்? அப்போதுதான் அனைத்துலக நீதிமன்றத்தின் வழியாக அமர்த்தப்பட்ட நடுநிலைப் பார்வையாளர்கள் இம்மண்ணுக்கு வந்தார்கள். கண்டார்கள், கேட்டார்கள், நேர்மையான வாக்கெடுப்புக்கேற்ற சூழல் இங்கில்லை என்று எழுதிக் கொடுத்துச் சென்றார்கள். அந்த வாக்கெடுப்பு நடைபெறவே இல்லை. 1954 அக்டோபர் 18-இல் கீழூரில் கூடிய 178 மக்கட் பேராளர்களுள் 170 பேர் இந்தியாவோடு இணைய இசைந்தனர். நவம்பர் 1-இல் ஆட்சி கைமாறியது.

விடுதலையைத் தந்தவர்கள் பார்வையாளர்கள் அல்லர்; போராடிய மக்களே! ஆயினும், அச்சத்தில் எடுக்கப்படும் வாக்குக்கு உலகம் நற்சான்று வழங்காதபடி தடுத்தது அவர்கள் எழுதிய உண்மை. நமக்கு அன்று கிடைத்த அந்தக் கண்களைக் கடலுக்கு அப்பாலுள்ள நம் உடன்பிறந்தார் கேட்டால் மட்டும் அது குற்றமா?

கேட்டார்கள், தோழர்களே! கேட்டுக் கதறினார்கள்! 2008 செப்டம்பரில், வன்னியில் தங்கியுள்ள ஐ.நா. பணியாளரின் பாதுகாப்புக்கு உறுதி கூற இயலாது என்று கொழும்பு கைவிரித்தது. உடனே மூட்டை கட்டத் தொடங்கினர் உலக மன்றத்தார். கிளிநொச்சி அலுவலக வாயிலில் மக்கள் திரண்டு, போகாதீர்கள், நீங்கள் போனால் எங்களைக் காப்பார் இல்லை என்று மன்றாடினர். வண்டிகள் புறப்பட்டுப் போயின. சாட்சிகள் போயினர், பின்னே சாவு வந்தது!

2009 மே மாதம் போர் முடிந்தபோது மாண்ட பொதுமக்கள் எத்தனை பேர்? 40,000 வரை இருக்கக்கூடும் என்றது, ஐ.நா. பொதுச்செயலாளரே அமர்த்திய வல்லுநர் குழுவின் 2011 அறிக்கை. பிணங்களின் கணக்கு போர் நடந்தபோதே ஐ.நா. அலுவலர் கையில் சேர்ந்துகொண்டிருந்தது. அதை உரக்கச் சொல்லாமல் விழுங்கினர். தன் கடமையில் தவறியதை ஐ.நா.வின் உள்ளாய்வே 2012 நவம்பரில் ஒப்புக்கொண்டது.

ஜெனீவா செய்தது என்ன? குருதி காயுமுன், 2009 மே 27-இல், மனித உரிமை மன்றம் கொழும்பைப் பாராட்டும் பாங்கில் தீர்மானம் நிறைவேற்றியது. ஆதரவு 29, எதிர்ப்பு 12. ஆதரித்து உயர்ந்த கைகளுள் ஒன்று டில்லியின் கை! நம் வரிப்பணத்தில் வளர்ந்த கை!

இன்னொரு சாரார் உளர். "நீலத்தொப்பி அணிந்து வருவோரால் என்ன பயன்?" என்பது அவர்தம் ஏளனம். அவர்கள் காட்டும் சான்றுகள் பொய்யல்ல. 1995-இல் சிரெப்ரெனிக்காவில் ஐ.நா. படையினர் பார்த்திருக்க, ஏறத்தாழ எண்ணாயிரம் ஆடவரும் சிறுவரும் கொன்று குவிக்கப்பட்டனர். ஹெய்ட்டிக்கு அமைதி காக்கச் சென்ற இலங்கைப் படையினருள் நூற்றுக்கும் மேற்பட்டோர், பாலியல் குற்றச்சாட்டின்பேரில் 2007-இல் திருப்பி அனுப்பப்பட்டனர். வேலியே பயிரை மேய்ந்தது!

ஆனால், வேலி மேய்ந்தது என்பதற்காக வேலியே வேண்டாம் என்பானா உழவன்? நல்ல வேலி கட்டுவான். எல் சால்வடோரில் 1991-இல், போர்நிறுத்தம் கையெழுத்தாகுமுன்பே ஐ.நா. மனித உரிமைக் கண்காணிப்பாளர் ஊர் ஊராகச் சென்று முறையீடுகளைப் பதிவு செய்யவில்லையா? இயலாத செயலன்று இது, மனமிருந்தால் இயலும்.

எத்தகைய வேலி வேண்டும்? பக்கத்து வல்லரசு ஒன்றின் படை வேண்டாம். அமைதிப்படை என்ற பெயரோடு இந்தியப் படை போனபோது, 1987 அக்டோபரில் யாழ்ப்பாண மருத்துவமனைக்குள்ளேயே மருத்துவரும் செவிலியரும் நோயாளரும் மாண்டதை மறக்கலாகுமா? பல நாட்டார் கூடிய குழு வேண்டும். போ என்று அரசு மிரட்டினாலும் போகாத துணிவு வேண்டும். கண்டதை அன்றன்றே உலகறியச் சொல்லும் கடமை, அதன் ஆணையிலேயே எழுதப்பட வேண்டும். தவறிழைக்கும் காவலனுக்குத் தண்டனை உறுதி என்ற நிலை வேண்டும்.

பழங்கதை என்று ஒதுக்காதீர்கள்! யாழ்ப்பாணத்துச் செம்மணியில் 2025-இல் தோண்டத் தோண்ட எலும்புக்கூடுகள். எண்ணிக்கை இருநூறைத் தாண்டியது. அவ்வாண்டு ஜூனில் ஐ.நா. மனித உரிமை ஆணையர் அக்குழியருகே வந்து நின்றார். நின்றவர் திரும்பிப் போனார். வந்து போகும் கண்கள் போதா. தங்கிக் காக்கும் கண்கள் வேண்டும்!

ஆகவே தோழர்களே, கிளைதோறும் கூடுங்கள், தீர்மானம் இயற்றுங்கள், நம் நாடாளுமன்ற உறுப்பினர் ஒவ்வொருவரிடமும் கேளுங்கள்: ஜெனீவாவில் அடுத்த வாக்கெடுப்பு வரும்போது டில்லியின் கை எந்தப் பக்கம் உயரும்? விடை வரும்வரை கேளுங்கள். கிளிநொச்சி வாயிலில் நின்றவர்கள் கேட்டு ஓய்ந்தார்கள்; நாம் ஓயலாகாது!