40 லட்சம் கடன்... 83 லட்சம் தவணை! வீட்டுக் கடனில் கண்ணுக்குத் தெரியாத கணக்கு

சென்னை: "வாடகையா கொடுக்குற காசை இ.எம்.ஐ.யா கட்டுங்க சார், வீடு உங்களுக்கே சொந்தமாயிடும்!"

தாம்பரம், பல்லாவரம், ஆவடி, அம்பத்தூர் என்று புறநகர் எங்கும் ஃபிளாட் விற்பவர்கள் சொல்லும் வசனம் இது. கேட்க இனிக்கத்தான் செய்கிறது. ஆனால் 20 வருஷம் கழித்து பாஸ்புக்கைப் புரட்டிப் பார்க்கும்போதுதான், ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டு விலை கொடுத்திருப்பது பலருக்கும் உறைக்கிறது.

உதாரணத்துக்கு ஒரு கணக்கு போட்டுப் பார்க்கலாம். குரோம்பேட்டை பக்கம் 50 லட்சம் ரூபாய்க்கு ஒரு பழைய ஃபிளாட் மறுவிற்பனைக்கு வருகிறது. 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் தரலாம் என்பது ரிசர்வ் வங்கி விதி. அதனால் 40 லட்சம் கடன், 20 வருஷம், வட்டி 8.5 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம்.

மாதத் தவணை 34,713 ரூபாய். 240 மாதம் கட்டி முடித்தால் மொத்தம் 83 லட்சத்து 31 ஆயிரம். இதில் வட்டி மட்டும் 43 லட்சத்து 31 ஆயிரம். அதாவது வாங்கிய கடனை விட வட்டி அதிகம்!

சரி, அதே ஃபிளாட்டை வாடகைக்கு விட்டால் மாசம் 35 ஆயிரம் யாராவது தருவார்களா? பாதி கிடைத்தாலே பெரிய விஷயம். வாடகைக் காசுதான் இ.எம்.ஐ. என்ற வசனம் அங்கேயே அடிபட்டுப் போகிறது.

முதல் தவணையில் அசல் எவ்வளவு?

பலருக்கும் அதிர்ச்சி தரும் இடம் இதுதான். முதல் மாசம் கட்டும் 34,713 ரூபாயில் 28,333 ரூபாய் வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது வெறும் 6,380 ரூபாய்.

ஒரு வருஷம் முழுக்க 4 லட்சத்து 16 ஆயிரம் ரூபாய் கட்டிய பிறகும் கடனில் குறைந்திருப்பது 80 ஆயிரத்தை எட்டாது. ஐந்து வருஷத்தில் 20 லட்சத்து 82 ஆயிரம் கட்டியிருப்பார். பாக்கி எவ்வளவு என்று வங்கியில் கேட்டால், "35 லட்சத்து 25 ஆயிரம் சார்" என்பார்கள். "அப்ப கட்டின காசெல்லாம் எங்கே போச்சு?" என்று கவுண்டரில் சத்தம் போடுபவர்கள் உண்டு. மேனேஜர் மேல் தப்பில்லை. மீதியிருக்கும் கடன் தொகைக்குத்தான் ஒவ்வொரு மாசமும் வட்டி. ஆரம்பத்தில் கடன் பெரிசு, அதனால் வட்டியும் பெரிசு. அவ்வளவுதான் சூட்சுமம்.

பாதிக் கடன், அதாவது 20 லட்சம் அடைவது எப்போது தெரியுமா? 10வது வருஷத்தில் இல்லை. கிட்டத்தட்ட 14 வருஷம் ஆகிவிடுகிறது.

காலத்தை நீட்டினால்...

"தவணை ஜாஸ்தியா இருக்கா? 30 வருஷமா மாத்திக்கலாம் சார்" என்று அடுத்த தூண்டில் வரும். மாற்றினால் தவணை 30,757 ரூபாயாகக் குறையும். மாசம் 4 ஆயிரம் மிச்சம் என்று மனசு குளிரும். ஆனால் மொத்தம் கட்டுவது 1 கோடியே 10 லட்சத்தைத் தாண்டும். வட்டி மட்டும் 70 லட்சத்து 72 ஆயிரம். அந்த 4 ஆயிரம் சலுகைக்கு விலை 27 லட்சம்!

அதே கடனை 15 வருஷத்தில் அடைக்க முடிந்தால் தவணை 39,390. வட்டி 31 லட்சத்துக்குள் நின்றுவிடும். ஆனால் சம்பளம் இடம் கொடுக்க வேண்டுமே. மளிகை, ஸ்கூல் ஃபீஸ், பைக் டியூ எல்லாம் போக கையில் நிற்பதுதான் இங்கே கணக்கை முடிவு செய்கிறது. 30 வருஷத்தைத் தேர்ந்தெடுப்பவர்கள் எல்லோரும் விவரம் தெரியாதவர்கள் இல்லை. வேறு வழி இல்லாதவர்களும் நிறைய.

2022ல் விழுந்த அடி

மேலே சொன்ன கணக்கு எல்லாம் 20 வருஷமும் வட்டி மாறாமல் இருந்தால்தான். நம்மூர் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டி. 2004 வாக்கில் 7, 8 சதவீதத்தில் கடன் வாங்கியவர்கள் 2008ல் 11, 12 சதவீதத்தைப் பார்த்தார்கள். அந்தக் கதை 2022ல் மறுபடியும் நடந்தது.

கொரோனா காலத்தில் ரெப்போ வட்டி 4 சதவீதமாக இருந்தது. வீட்டுக் கடன் 7 சதவீதத்துக்கும் கீழே கிடைத்தது. போட்டி போட்டு வாங்கினார்கள். 2022 மே மாசம் ரிசர்வ் வங்கி வட்டியை ஏற்ற ஆரம்பித்தது. 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.5 சதவீதம். ஒரு வருஷம்கூட முடியவில்லை, இரண்டரை சதவீதம் ஏறிவிட்டது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புது மாறும் வட்டிக் கடன்கள் ரெப்போ மாதிரி வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டதால், ஏற்றம் அப்படியே கடன்காரர் தலையில் இறங்கியது.

6.75 சதவீதத்தில் 20 வருஷத்துக்கு 30 லட்சம் வாங்கியவருக்கு தவணை 22,811 ரூபாய். ஒரு வருஷம் கட்டியதும் பாக்கி 29 லட்சத்து 26 ஆயிரம். அந்த நேரம் வட்டி 9.25 ஆகிறது என்று வையுங்கள். இப்போது மாச வட்டி மட்டும் 22,559 ரூபாய். பழைய தவணையையே கட்டினால் அசலுக்குப் போவது 252 ரூபாய்! இந்த ரேட்டில் கடன் முடிய இன்னும் 48 வருஷத்துக்கு மேல் ஆகும். 40 வயசில் வாங்கியவர் 89 வயசில்தான் பத்திரத்தைப் பார்ப்பார். பேரன் கட்ட வேண்டிய கடன் இது.

19 வருஷத்திலேயே முடிக்க வேண்டுமானால் தவணையை சுமார் 27,300 ஆக்க வேண்டும். மாசம் நாலரை ஆயிரம் கூடுதல்.

இங்கேதான் கோளாறு. பல இடங்களில் வாடிக்கையாளரைக் கேட்காமலேயே காலத்தை நீட்டினார்கள். தவணைத் தொகை மாறாததால் வீட்டில் யாருக்கும் சந்தேகமே வரவில்லை. ஒரு எஸ்.எம்.எஸ். வந்திருக்கும், ஓ.டி.பி. மெசேஜ்களுக்கு நடுவே அது காணாமல் போயிருக்கும்.

புகார்கள் குவிந்த பிறகு 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பு தர வேண்டும் என்றும் அப்போது சொன்னது. கட்டும் தவணை வட்டிக்கே பத்தாமல் கடன் ஏறிக்கொண்டே போகும் நிலை வரக்கூடாது. மூன்று மாசத்துக்கு ஒருமுறை கணக்கு விவரம் தர வேண்டும். அந்த ஆண்டு முடிவுக்குள் பழைய கடன்களுக்கும் இது பொருந்தும் என்றார்கள்.

2025ல் ரெப்போ படிப்படியாக இறங்கி டிசம்பரில் 5.25 ஆனது. அதன் பலன் தன் கணக்குக்கு வந்ததா என்று பார்த்தவர்கள் எத்தனை பேர்? வீட்டு வசதி நிதி நிறுவனங்களில் வாங்கியவர்கள் இன்னும் உஷாராக இருக்க வேண்டும். ரெப்போவோடு இணைக்க வேண்டும் என்ற கட்டாயம் அவர்களுக்கு இல்லை. தங்கள் சொந்த அளவுகோலை வைத்தே வட்டி போடுகிறார்கள். ஏறும்போது லிஃப்ட், இறங்கும்போது படிக்கட்டு. புதுசாக வருபவருக்குக் குறைந்த வட்டி, பழைய ஆளுக்கு அதே பழைய வட்டி என்பதும் சகஜம். போய்க் கேட்டால், ஒரு மாற்றுக் கட்டணம் வாங்கிக்கொண்டு குறைத்துத் தருவார்கள். கேட்காதவருக்கு இல்லை.

தவணையில் வராத செலவுகள்

50 லட்சம் ஃபிளாட்டுக்கு கைக்காசு 10 லட்சம் மட்டும் போதும் என்று நினைத்தால் பத்திரப்பதிவு ஆபீசில் மாட்டிக்கொள்ள வேண்டியதுதான். தமிழகத்தில் மறுவிற்பனைக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். ஆக நாலரை லட்சம். இந்தத் தொகையை வீட்டு மதிப்பில் சேர்த்துக் கடன் தரக்கூடாது என்பது விதி. அதனால் பலரும் நகையை அடகு வைத்தோ, கூடுதல் வட்டிக்கு பெர்சனல் லோன் போட்டோ சமாளிக்கிறார்கள். பிராசசிங் ஃபீஸ், வக்கீல் ஃபீஸ், மதிப்பீட்டாளர் ஃபீஸ், வங்கியில் பத்திரத்தை ஒப்படைக்கும் எம்.ஓ.டி. பதிவுச் செலவு எல்லாம் தனி.

அப்புறம் இன்சூரன்ஸ். கடன் வாங்கியவருக்கு ஏதாவது ஆகிவிட்டால் குடும்பம் தெருவில் நிற்கக்கூடாது என்பது நியாயமான காரணம்தான். ஆனால் ஒன்றரை லட்சம் பிரீமியத்தை ஒரேயடியாகக் கடனோடு சேர்த்துவிடுகிறார்கள். அதுவும் 20 வருஷம் 8.5 சதவீத வட்டியில் ஓடி, முடிவில் 3 லட்சத்து 12 ஆயிரமாக நிற்கும். "இது போட்டாத்தான் லோன் சாங்ஷன் ஆகும்" என்று சொன்னால் நம்ப வேண்டாம். அப்படி எந்த விதியும் இல்லை. தனியாக ஒரு டெர்ம் பாலிசி எடுத்து வருஷா வருஷம் கட்டினால் வட்டி மேல் வட்டி ஏறாது.

கட்டிக்கொண்டிருக்கும் ஃபிளாட் என்றால் இன்னொரு தலைவலி. பில்டருக்குப் போன தொகைக்கு வட்டி மட்டும் கட்டும் 'பிரீ இ.எம்.ஐ.' முறையில் அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. 30 லட்சம் போயிருந்தால் மாசம் 21,250. வீடு ஒன்றரை வருஷம் தாமதமானால் 3 லட்சத்து 82 ஆயிரம் காற்றோடு போச்சு. குடியிருக்கும் வீட்டு வாடகை வேறு.

வருமான வரியில் மிச்சமாகும் என்ற சமாதானமும் முன்பு போல் இல்லை. 2023-24 நிதியாண்டிலிருந்து புதிய வரி முறைதான் பொது முறை. அதில் குடியிருக்கும் சொந்த வீட்டு வட்டிக்குக் கழிவு கிடையாது. பழைய முறையிலும் உச்சவரம்பு 2 லட்சம்தான். நம்ம குரோம்பேட்டை கணக்கில் முதல் வருஷ வட்டியே 3 லட்சத்து 37 ஆயிரம்.

எல்லாமே நஷ்டம்தானா?

அப்படியும் சொல்ல முடியாது. 83 லட்சம் என்பது இன்றைய 83 லட்சம் இல்லை. விலைவாசி வருஷத்துக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று வைத்தால், 20 வருஷத் தவணைகளின் இன்றைய மதிப்பு சுமார் 52 லட்சத்து 60 ஆயிரம். சம்பளம் ஏற ஏற 34 ஆயிரம் சுமையாகத் தெரியாது. வாடகையோ ஏறிக்கொண்டே இருக்கும். ஹவுஸ் ஓனர் தொல்லை இல்லாத நிம்மதிக்கும் ஒரு விலை உண்டு. ஆனால் இது சம்பளம் ஏறுபவர்களுக்கான ஆறுதல். வேலை போனவருக்கு இந்தக் கணக்கு உதவாது.

மூன்று மாசம் தவணை நின்றால் வாராக்கடன். அப்புறம் 2002ம் ஆண்டு வந்த சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். அதற்கும் பணம் வராவிட்டால் வீட்டைக் கையகப்படுத்தி ஏலம் விடலாம். வழக்கமான சிவில் கோர்ட் வழக்கு தேவையில்லை. கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போய் முறையிடுவதுதான் வழி.

முன்கூட்டி கட்டினால்

வட்டியைக் குறைக்க ஒரு வழி கையிலேயே இருக்கிறது. மாறும் வட்டியில் உள்ள தனிநபர் வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் வாங்கக்கூடாது என்று 2012லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. 40 லட்சம் கடனில் முதல் வருஷ முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் கிட்டத்தட்ட 14 தவணை காலி. மிச்சமாகும் வட்டி சுமார் 3 லட்சத்து 80 ஆயிரம். அதே ஒரு லட்சத்தை 15வது வருஷ முடிவில் கட்டினால் மிச்சம் 50 ஆயிரம்தான். தீபாவளி போனஸ் வரும்போது வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாகப் போட்டு வந்தால், கடன் மூன்றேகால் வருஷம் முன்னதாக முடியும். 8 லட்சத்துக்கு மேல் தப்பிக்கும். கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்க" என்று எழுதிக் கொடுப்பது முக்கியம்.

கடன் வாங்குவதற்கு முன் கேட்டு வாங்க வேண்டிய தாள் ஒன்று உண்டு. 2024 அக்டோபர் முதல் புதிதாகத் தரும் சில்லறைக் கடன்களுக்கு 'முக்கிய விவர அறிக்கை' தருவது கட்டாயம். கட்டணங்களைச் சேர்த்த உண்மையான வருஷ வட்டி, எந்த மாசம் எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி என்ற அட்டவணை எல்லாம் அதில் இருக்க வேண்டும். கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும். தமிழில் கேட்கலாம். படித்துப் பார்க்க குறைந்தது மூன்று வேலை நாள் அவகாசமும் உண்டு. இங்கே கையெழுத்து போடுங்க, இங்கே போடுங்க என்று 40 இடத்தில் விரலை வைத்துக் காட்டும் அவசரத்தில் இந்தத் தாளைத்தான் யாரும் பார்ப்பதில்லை.

கடன் முடிந்த பிறகும் ஒரு வேலை பாக்கி. முழுத் தொகையும் அடைத்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5 ஆயிரம் ரூபாய் இழப்பீடு என்பது 2023 டிசம்பர் முதல் விதி. ஆனால் பத்திரம் கைக்கு வந்ததும் பீரோவில் வைத்துப் பூட்டிவிடுகிறார்கள். எம்.ஓ.டி.யை ரத்து செய்யும் ரசீதை சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்யாவிட்டால், பத்து வருஷம் கழித்து மகள் கல்யாணத்துக்கு வீட்டை விற்கப் போகும்போதும் வில்லங்கச் சான்றிதழில் அந்தக் கடன் அப்படியே நிற்கும்.