கடல் யாருக்குச் சொந்தம்?

“சர்வதேசச் சட்டம்” என்று அட்டையில் போட்ட ஒரு புத்தகத்தைக் கண்டால் நம்மில் பலர் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு விலகிப் போகிறோம். அது தூதுவர்களும் மந்திரிகளும் படிக்கிற சங்கதி, தறி ஓட்டுகிறவனுக்கும் நாற்று நடுகிறவளுக்கும் அதில் என்ன இருக்கிறது என்பது எண்ணம். அந்த எண்ணம் யாருக்கு லாபம்? அந்தப் புத்தகங்களை நாம் படிக்காமல் இருப்பதால் நிம்மதியடைகிறவர்கள் சிலர் இருக்கிறார்கள்.

அந்தப் புத்தகங்கள் வானத்திலிருந்து விழுந்தவை அல்ல. ஒரு வழக்குக்காக, ஒரு கட்சிக்காரருக்காக எழுதப்பட்டவையும் அவற்றில் உண்டு. இந்தத் துறையிலேயே மிகப் பெரிய பெயர் வாங்கிய ஒன்றை எடுத்துப் பார்ப்போம்.

1603-ம் வருஷம் பிப்ரவரி 25-ந் தேதி. சிங்கப்பூருக்குப் பக்கத்தில், ஜோகூர் ஆற்று முகத்துவாரத்தில், சாந்தா கத்தரினா என்ற போர்ச்சுகீசியக் கப்பல் நங்கூரம் பாய்ச்சி நிற்கிறது. உள்ளே சீனத்துப் பட்டு, பீங்கான், கஸ்தூரி. ஹீம்ஸ்கெர்க் என்ற டச்சுக் கப்பல் தலைவன் அதைத் தாக்கிப் பிடித்துக்கொண்டான். ஆம்ஸ்டர்டாமில் சரக்கை ஏலம் விட்டபோது 30 லட்சம் கில்டருக்கு மேல் கிடைத்தது. அதற்கு முந்திய வருஷம் தொடங்கிய டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் மொத்த மூலதனமே சுமார் 64 லட்சம் கில்டர்தான் என்றால், ஒரே கப்பலின் மதிப்பு எவ்வளவு என்று பார்த்துக்கொள்ளுங்கள்!

கோர்ட்டும் கப்பல் பிடித்தவர்களுக்கே சொந்தம் என்று தீர்ப்புச் சொல்லிவிட்டது. ஆனாலும் ஊரில் முணுமுணுப்பு அடங்கவில்லை. கொள்ளையடித்த காசு எங்களுக்கு வேண்டாம் என்று பங்குதாரர்களிலேயே சிலர் சொன்னார்கள். கம்பெனிக்கு ஒரு நல்ல வக்கீல் தேவைப்பட்டது. கிடைத்தவர் ஹியூகோ குரோஷியஸ். வயது 21. மகா மேதாவி, அதில் சந்தேகமில்லை. கம்பெனிக்காக அவர் ஒரு பெரிய நூல் எழுதினார். அதிலிருந்து ஒரே ஒரு அத்தியாயம், பேர் போடாமல், 1609-ல் லத்தீனில் தனிப் புத்தகமாக வெளிவந்தது. ‘மாரே லிபெரும்’, அதாவது ‘கட்டற்ற கடல்’. மற்ற அத்தியாயங்கள் கையெழுத்துப் பிரதியாகவே கிடந்தன. 1864-ல் அந்தக் காகிதங்கள் ஏலத்துக்கு வந்தபோதுதான் உலகத்துக்குத் தெரிந்தது. முழு நூலின் பெயர் என்ன தெரியுமா? ‘கொள்ளைப் பொருள் பற்றிய சட்டம்’! இரண்டரை நூற்றாண்டுக் காலம் பண்டிதர்கள் அந்த ஒரு அத்தியாயத்தைப் பொது நியாயத்தின் குரல் என்று கொண்டாடிக்கொண்டிருந்தார்கள். அது ஒரு கம்பெனியின் வக்காலத்து மனு.

மனுவில் என்ன இருந்தது? கடல் காற்றைப் போன்றது, வேலி போட முடியாது, ஆகவே யாருக்கும் சொந்தமாகாது. போப்பாண்டவர் கீழைக் கடலைப் போர்ச்சுகலுக்குத் தானம் கொடுத்தார் என்பது செல்லாது, தன்னுடையது அல்லாததை அவர் எப்படிக் கொடுப்பார்? கீழ்நாட்டு மக்களுக்குத் தங்கள் அரசர்களும் தங்கள் சட்டங்களும் உண்டு, அவர்களோடு வியாபாரம் செய்ய எல்லாருக்கும் உரிமை உண்டு. இவையெல்லாம் நியாயமான வாதங்கள்தான். கம்பெனி வக்கீல் சொன்னதாலேயே பொய்யாகிவிடாது. அந்த நியாயத்தைக் கம்பெனி எவ்வளவு நாள் வைத்திருந்தது என்பதுதான் நம் கேள்வி.

நாலே வருஷம்! பாண்டா தீவுகளில் ஜாதிக்காய் விளைந்தது. எங்களுக்கு மட்டுமே விற்க வேண்டும் என்று டச்சுக்காரர்கள் அந்தத் தீவு மக்களிடம் ஒப்பந்தம் எழுதி வாங்கியிருந்தார்கள். நாங்களும் வாங்குவோம் என்று ஆங்கிலேயர் வந்து நின்றார்கள். 1613-ல் லண்டனில் பேச்சு வார்த்தை. டச்சுத் தரப்பில் போய் உட்கார்ந்தவர் சாட்சாத் குரோஷியஸ். ஆங்கிலேயர் ‘கட்டற்ற கடல்’ புத்தகத்தின் வாதத்தையே எடுத்து அவர் முன்னால் வைத்தார்கள். அவர் என்ன செய்தார்? கடல் பொதுதான், ஆனால் ஒப்பந்தம் ஒப்பந்தம்தான், தீவுக்காரர்கள் கையெழுத்துப் போட்டுவிட்டார்களே என்றார். பீரங்கிக்கு எதிரே வாங்கிய கையெழுத்தின் மதிப்பைப் பற்றி நம் வாசகர்களுக்கு நாம் சொல்ல வேண்டியதில்லை.

1621-ல் கம்பெனியின் கவர்னர் ஜெனரல் யான் பீட்டர்ஸோன் கூன் படையோடு பாண்டாவில் இறங்கினான். ஊர்ப் பெரியவர்கள் 44 பேரின் தலை வெட்டப்பட்டது. சுமார் 15,000 பேர் இருந்த தீவுகளில் ஆயிரம் பேர் அளவில்தான் மிஞ்சினார்கள் என்று சரித்திர ஆசிரியர்கள் மதிப்பிடுகிறார்கள். மற்றவர்கள் வெட்டுப்பட்டார்கள், பட்டினியில் செத்தார்கள், அடிமையாக ஏற்றப்பட்டார்கள், தப்பி ஓடினார்கள். பிறகு அடிமைகளைக் கொண்டுவந்து ஜாதிக்காய்த் தோட்டங்களை நடத்தினார்கள்.

அதே 1621-ல் குரோஷியஸ் சொந்த நாட்டு அரசியல் சண்டையில் சிக்கி, லூவஸ்டைன் கோட்டைச் சிறையிலிருந்து ஒரு புத்தகப் பெட்டிக்குள் ஒளிந்து தப்பினார். பெட்டியோடு கூடவே போய்க் காவலர்களைச் சமாளித்து, ஆபத்தைத் தன் தலையில் ஏற்றுக்கொண்டவள் எல்ஸ்யே என்ற வேலைக்காரப் பெண். சட்ட நூல்களில் அவளுக்கு ஒரு வரி கிடையாது. அதை இங்கே எழுதி வைக்கிறோம்.

நம் கரைக்கு வருவோம். மசாலாத் தீவுகளில் மிளகும் ஜாதிக்காயும் வாங்கக் கம்பெனிக்குச் சோழமண்டலத்துத் துணி வேண்டியிருந்தது. 1610-ல் பழவேற்காட்டில் டச்சுக்காரர்கள் கிடங்கு வைத்தார்கள். 1658-ல் போர்ச்சுகீசியரிடமிருந்து நாகப்பட்டினத்தைப் பிடித்தார்கள். அடுத்த வருஷமே தஞ்சாவூர்ச் சீமையில் யுத்தமும் பஞ்சமும். 1661 வரை அந்தக் கொடுமை நீடித்தது. சோற்றுக்கு வழியில்லாத ஜனங்கள் ஆயிரக்கணக்கில் இந்தக் கரையிலிருந்து அடிமைகளாகக் கப்பலேறி இலங்கைக்கும் பட்டேவியாவுக்கும் போனார்கள். இது சட்ட விரோதமா? குரோஷியஸ் 1625-ல் பாரிஸில் வெளியிட்ட ‘யுத்தமும் சமாதானமும் பற்றிய சட்டம்’ என்ற பெரிய நூலைப் பாருங்கள். ஒருவன் தன்னைத்தானே அடிமையாக விற்றுக்கொள்ளலாம், சட்டத்தில் தடையில்லை என்கிறார். பசியில் இருப்பவனும் பத்தாயப் பெட்டியின் சாவி வைத்திருப்பவனும் சரிசமமாக நின்று பேரம் பேசியதாக அந்த நூலின் கணக்கு!

இதைத் திருப்பிப் படித்தவர்களும் இருந்தார்கள். ஒருவர் நம் சென்னைப் பல்கலைக் கழகத்திலேயே 1951 முதல் 1961 வரை ஆசிரியராக இருந்தவர், சார்லஸ் அலெக்சாண்ட்ரோவிச். ஐரோப்பியர் வருவதற்கு முன்பே இந்துமகா சமுத்திரத்துத் துறைமுக அரசர்கள் வியாபாரிகளுக்குக் கடலைத் திறந்தே வைத்திருந்தார்கள், அந்த வழக்கத்தைப் பார்த்துத்தான் ஐரோப்பிய நூலாசிரியர் பாடம் படித்தார் என்று 1967-ல் வெளிவந்த தம் நூலில் வாதாடினார். எல்லா ஆராய்ச்சியாளர்களும் இதை முழுக்க ஒப்புக்கொள்ளவில்லை. ஆனால் சட்டம் மேற்கே பிறந்து கிழக்கே இறக்குமதியான சரக்கு என்ற பேச்சுக்கு அந்த நூல் சரியான அடி கொடுத்தது.

பழைய கதை போதும், நம் கூலிக்கும் நேரத்துக்கும் இதில் என்ன என்று ஆலைத் தோழர் ஒருவர் கேட்கலாம். கேட்க வேண்டும். சர்வதேசத் தொழிலாளர் ஸ்தாபனத்தின் முதல் ஒப்பந்தம் 1919-ல் வாஷிங்டனில் எழுதப்பட்டது. ஆலைகளில் நாளைக்கு 8 மணி, வாரத்துக்கு 48 மணி என்று 2-வது ஷரத்து சொல்கிறது. உலகத் தொழிலாளிக்கு வெற்றிதான். பக்கத்தைப் புரட்டி 10-வது ஷரத்துக்கு வாருங்கள். பிரிட்டிஷ் இந்தியாவில் வாரத்துக்கு 60 மணி! அதே பஞ்சு, அதே கதிர், அதே தூசி. நம் தொழிலாளியின் முதுகுக்கு 12 மணி கூடுதல். அதையும் இந்தியாவின் பெயரில் 1921-ல் ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்டார்கள். பிரிட்டன் தன் நாட்டுக்காக அந்த ஒப்பந்தத்தில் கடைசி வரை சேரவே இல்லை. நம் ஆலைகளில் 60 மணி 1934-ம் வருஷச் சட்டத்தால் 54 ஆனது, 1946-ல்தான் 48 ஆனது. அந்த 27 வருஷத்தில் நடந்த வேலை நிறுத்தங்களை எந்த ஒப்பந்தப் புத்தகத்திலும் காண முடியாது.

வயல் வேலை செய்கிறவர்களுக்கும் ஒன்று இருக்கிறது. ஆலைத் தொழிலாளிக்குள்ள அதே சங்கம் சேரும் உரிமை விவசாயத் தொழிலாளிக்கும் உண்டு என்று 1921-ம் வருஷத்து 11-வது ஒப்பந்தம் கூறுகிறது. இந்தியா 1923-லேயே இதை ஏற்றுக்கொண்டது. பண்ணையாட்கள் சங்கம் வைத்தால் சட்ட விரோதம் என்று மிரட்டிய மிராசுதார்களுக்கு இது தெரிந்திருந்ததோ இல்லையோ, மிரட்டப்பட்டவர்களுக்குத் தெரிந்திருக்கவில்லை. ஆனால் எல்லாத் தொழிலாளருக்கும் சங்கம் அமைக்கும் சுதந்திரத்தைச் சொல்லும் 1948-ம் வருஷத்து 87-வது ஒப்பந்தத்தையும், கூட்டு பேர உரிமையைச் சொல்லும் 1949-ம் வருஷத்து 98-வது ஒப்பந்தத்தையும் இந்தியா இன்று வரை ஏற்கவில்லை. சர்க்கார் ஊழியர்களுக்கான விதிகள் இடம் கொடுக்கவில்லை என்பது டில்லி சொல்லும் காரணம். அந்த ஸ்தாபனத்தை 1919-ல் தொடங்கிய நாடுகளில் ஒன்று இந்தியா என்பதையும் சேர்த்துப் படியுங்கள்.

சங்கப் படிப்பகங்களில் இந்த ஒப்பந்தங்களின் தமிழாக்கம் ஒரு பிரதியாவது இருக்க வேண்டும். இல்லாத இடங்களில் இங்கிலீஷ் தெரிந்த ஒரு தோழர் வாரத்தில் ஒரு மாலை உரக்கப் படித்துத் தமிழில் சொல்லலாம். பீடி சுற்றும் இடங்களில் பத்திரிகை அப்படித்தான் படிக்கப்பட்டது. 10-வது ஷரத்து சில வரிகள்தான். அதிலிருந்து தொடங்கலாம்.