காவல்காரனை விரட்டும் கள்ளச் சாவி!

கம்ப்யூட்டரை இயக்கும் விண்டோசுக்குப் பணம் கட்டவேண்டும். கட்டாமல் ஓட்ட, "கே.எம்.எஸ்.பிகோ" என்று ஒரு கள்ளச் சாவி உண்டு. "முதலில் வைரஸ் தடுப்பை நிறுத்து" என்பார்கள். காவல்காரனை அனுப்பிவிட்டுக் கதவைத் திறக்கும் கதைதான்!

2021-ல் அந்தச் சாவியின் பெயரிலேயே "கிரிப்ட்பாட்" என்ற திருட்டு நிரல் நுழைந்தது. பாஸ்வேர்டுகளையும் கிரிப்டோ பணத்தையும் களவாடியது. இதுபோன்ற போலி மென்பொருள்களால் ஒரே ஆண்டில் சுமார் 6,70,000 கம்ப்யூட்டர்களில் கிரிப்ட்பாட் புகுந்ததாகக் கூகுள் 2023-ல் கூறியது; நியூயார்க் கோர்ட்டில் வழக்கும் போட்டது.

சுருக்கிய இணைப்பு மூலமும் இத்தகைய சாவிகள் வரும். அது ஊர்ப் பலகை இல்லாத பஸ்! எங்கே இறக்கிவிடும் என்று தெரியாது.

பெற்றோர்களே! பிள்ளைகள் "இலவசம்" என்றால் ஒன்று கேளுங்கள்: "நல்லவன் என்றால், காவலை ஏன் எடுக்கச் சொல்கிறான்?"