விளையாட்டுக்குள் வேற்று மொழி!
செல்போன் விளையாட்டு புரியாத மொழியில் வருவது ஏன்? சரி செய்வது எப்படி?

செல்போனில் ஒரு விளையாட்டை இறக்குகிறோம். ஆசையோடு திறக்கிறோம். உள்ளே போனால் எழுத்தெல்லாம் சீனம்! அல்லது கொரிய மொழி. அல்லது ரஷிய மொழி.

நேற்று வரை ஆங்கிலத்தில் இருந்த விளையாட்டு, இன்று இந்தியில் வந்து நிற்பதும் உண்டு.

வீட்டில் யாருக்கும் ஒன்றும் புரிவது இல்லை. பையன் மட்டும் கவலைப்படுவது இல்லை. பச்சைப் பொத்தானைத் தொடுகிறான், ஆட்டம் நடக்கிறது. சிவப்புப் பொத்தானைத் தொடுகிறான், ஆட்டம் நிற்கிறது. எழுத்தைப் படிக்காமல், நிறத்தைப் பார்த்தே விளையாடப் பழகிவிடுகிறான்.

ஆபத்து அங்கேதான் இருக்கிறது. ஒரு பச்சைப் பொத்தானில் "விளையாடு" என்று எழுதியிருக்கும். இன்னொரு பச்சைப் பொத்தானில் "வாங்கு" என்று எழுதியிருக்கும். படிக்கத் தெரியாதவனுக்கு இரண்டும் ஒன்றுதான். பணம் போவது அப்பாவின் கணக்கில் இருந்து!

ஆகவே இது சிறு பிள்ளை விஷயம் அல்ல. குடும்பத்தில் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயம்.

விளையாட்டு கேட்கும் கேள்வி

ஒரு விளையாட்டைத் திறந்ததும் அது முதல் வேலையாகப் போனிடம் ஒரு கேள்வி கேட்கிறது. "உன் சொந்தக்காரர் எந்த மொழிக்காரர்?" என்பதே அந்தக் கேள்வி.

போன் இரண்டு எழுத்தில் பதில் சொல்கிறது. தமிழ் என்றால் "டி.ஏ." ஆங்கிலம் என்றால் "இ.என்." இந்தி என்றால் "எச்.ஐ." உலகம் முழுவதும் இதே அடையாளங்கள்தான்.

பதில் கிடைத்ததும் விளையாட்டு தன் பெட்டிக்குள் தேடுகிறது. அந்த மொழி இருந்தால் எடுத்துக் காட்டுகிறது. இல்லாவிட்டால்?

போனில் மொழிகளை வரிசையாக எழுதி வைக்கலாம். முதல் மொழி தமிழ், இரண்டாவது ஆங்கிலம் என்று. ஆண்ட்ராய்டு போன்களில் இந்த வசதி 2016-ல் வந்தது. முதல் மொழி இல்லையென்றால் விளையாட்டு இரண்டாவது மொழியைத் தேடும்.

இரண்டாவது மொழியே நாம் எழுதி வைக்கவில்லை என்றால், விளையாட்டு தன் சொந்த மொழிக்குப் போய்விடும். அது பெரும்பாலும் ஆங்கிலம். ஆனால் சீனக் கம்பெனி செய்த விளையாட்டு சீனத்துக்கே போனாலும் போகும். செய்தவர் வைத்ததே சட்டம்!

ஐந்து காரணங்கள்

மொழி மாறுவதற்குப் பல காரணங்கள் உண்டு. முக்கியமானவை ஐந்து.

முதலாவது: போனின் மொழியே மாறியிருக்கும். குழந்தை கை பட்டு மாறலாம். பழைய போன் வாங்கினால், முன்பு வைத்திருந்தவரின் மொழி அப்படியே இருக்கலாம்.

இரண்டாவது: வரிசையில் ஒரே ஒரு மொழி இருக்கும். இதை மேலே பார்த்தோம்.

மூன்றாவது: விளையாட்டைக் கடையில் இருந்து இறக்காமல், நண்பனின் போனில் இருந்து நகல் எடுத்திருப்பார்கள். இதில் ஒரு நுட்பம் இருக்கிறது. கூகுளின் பிளே ஸ்டோர், 2021 ஆகஸ்டு முதல், புதிய ஆப்களைத் துண்டு துண்டாகப் பிரித்துக் கொடுக்கும் முறையைக் கட்டாயம் ஆக்கியது. எந்தப் போனுக்கு எந்த மொழி வேண்டுமோ, அந்த மொழித் துண்டு மட்டும் இறங்கும். இடம் மிச்சம். ஆனால் நண்பனின் போன் இந்தி என்றால், அவனிடம் இருப்பது இந்தித் துண்டுதான். நகல் எடுத்த உங்களுக்கும் அதுவே வரும்!

நான்காவது: சில விளையாட்டுகள் மொழியைப் போனில் வைப்பது இல்லை, உங்கள் கணக்கோடு சேர்த்துக் கம்பெனியின் கம்ப்யூட்டரில் எழுதி வைக்கின்றன. போனை மாற்றினாலும் பழைய மொழியே தொடர்ந்து வரும்.

ஐந்தாவது: எழுத்துக்கு ஒரு மொழி, பேச்சுக்கு ஒரு மொழி. சீனாவின் மிஹோயோ கம்பெனி 2020 செப்டம்பரில் வெளியிட்ட "ஜென்ஷின் இம்பாக்ட்" இதற்கு நல்ல உதாரணம். அதில் எழுத்து ஆங்கிலமாக இருக்கும். பாத்திரங்கள் ஜப்பானிய மொழியில் பேசும். பேச்சுக்குச் சீனம், ஆங்கிலம், ஜப்பானியம், கொரியம் என்று 4 மொழிகள் உண்டு. இரண்டையும் தனித்தனியாக மாற்ற வேண்டும். இது பழுது அல்ல.

அழிக்காதீர்கள்!

மொழி புரியாவிட்டால் பலர் செய்யும் முதல் காரியம், விளையாட்டை அழித்துவிட்டு மறுபடி இறக்குவது.

இதனால் பெரும்பாலும் பலன் இல்லை. புதிதாக வந்த விளையாட்டும் போனிடம் அதே கேள்வியைத்தான் கேட்கும். போனும் அதே பதிலைத்தான் சொல்லும்.

நஷ்டமும் உண்டு. பெயர் பதியாமல் "விருந்தினர்" என்ற முறையில் விளையாடி வந்திருந்தால், அழித்த உடனே எல்லாம் போய்விடலாம். இரண்டு வருஷம் ஏறிய படிகள், காசு கொடுத்து வாங்கிய பொருள்கள் எல்லாமே! ஆகவே முதலில் விளையாட்டை ஒரு கணக்கோடு இணைத்துவிட்டு, பிறகு மற்ற வேலையைப் பாருங்கள்.

சரி செய்யும் வழி

இந்த வரிசையில் செய்து பாருங்கள்.

1. விளையாட்டுக்குள்ளேயே பாருங்கள். பல் சக்கரம் போன்ற படம் ஒன்று மூலையில் இருக்கும். அதைத் தொட்டால் அமைப்புகள் திறக்கும். அங்கே மொழிப் பட்டியல் இருக்கும். பல விளையாட்டுகளில் அதற்கு உலக உருண்டைப் படம் போட்டிருப்பார்கள். படிக்கத் தெரியாத மொழியில் இருந்தாலும் பயம் வேண்டாம். மொழிப் பட்டியலில் பெரும்பாலும் ஒவ்வொரு மொழியின் பெயரும் அதன் சொந்த எழுத்திலேயே இருக்கும்.

2. விளையாட்டுக்குள் இல்லையென்றால், போனின் அமைப்புகளுக்குப் போங்கள். 2022-ல் வந்த ஆண்ட்ராய்டு 13 முதல், ஒவ்வொரு ஆப்புக்கும் தனி மொழி வைக்கலாம். மொழிகள் பகுதியில் "ஆப்ஸ் மொழிகள்" என்ற இடத்தில் பார்க்கவும். எல்லா விளையாட்டும் அந்தப் பட்டியலில் இருக்காது. ஐபோனில் இந்த வசதி 2019-ல் வந்தது. அமைப்புகளில் விளையாட்டின் பெயரைத் தொட்டால் மொழி என்ற வரி தெரியும். தெரியாவிட்டால், போனின் மொழி வரிசையில் இன்னொரு மொழியைச் சேர்த்துவிட்டுப் பாருங்கள்.

3. அதிலும் இல்லையென்றால், போனின் மொழி வரிசையைச் சரி செய்யுங்கள். தமிழ் முதலில், ஆங்கிலம் இரண்டாவது. தெரியாத மொழிகள் இருந்தால் நீக்கிவிடுங்கள். போனே அந்நிய மொழியில் இருந்தால், பட்டியலில் "தமிழ்" என்ற சொல்லைத் தேடுங்கள். அது தமிழ் எழுத்திலேயே இருக்கும்!

4. மொழியை மாற்றும்போது இன்டர்நெட் இணைப்பு இருக்கட்டும். புதிய மொழித் துண்டு இறங்க வேண்டும் அல்லவா? பிறகு விளையாட்டை முழுவதும் மூடித் திறக்கவும்.

நகல் எடுத்த விளையாட்டாக இருந்தால் இவை பலிக்காது. கடையில் இருந்து நேராக இறக்கிக்கொள்வதே வழி.

தமிழ் ஏன் இல்லை?

இத்தனையும் செய்த பிறகும் பெரும்பாலான விளையாட்டுகள் ஆங்கிலத்தில்தான் வந்து நிற்கும். பெட்டிக்குள் தமிழ் இல்லாவிட்டால் போன் என்ன செய்யும்?

போன் தயாராக இருக்கிறது. கம்ப்யூட்டர் எழுத்துகளுக்கான யூனிகோடு பட்டியலில் தமிழ் 1991-லேயே இடம் பெற்றது. ஆண்ட்ராய்டு போன் முழுவதையும் தமிழில் வைக்கும் வசதி 2014-ல் வந்தது. தயாராகாதவை விளையாட்டுகள்தாம்.

ஒரு காரணம், எழுத்து. "செடி" என்ற சொல்லைப் பாருங்கள். கண்ணுக்குக் கொம்பு முன்னால் தெரிகிறது. "ச" பின்னால் நிற்கிறது. கம்ப்யூட்டரின் நினைவிலோ "ச" முதலில், கொம்பு அடுத்து. போனுக்கு இதை மாற்றி எழுதத் தெரியும். ஆனால் பல விளையாட்டுகள் போனின் எழுத்தைப் பயன்படுத்துவது இல்லை. தாங்களே எழுத்து வரைகின்றன. ஆங்கிலம்போல ஒவ்வொன்றாக வரிசையில் வைத்துவிடுகின்றன. கொம்பு இடம் மாறி நிற்கும். அதைச் சரி செய்யத் தனி வேலை வேண்டும்.

இன்னொரு காரணம், நீளம். ஆங்கிலத்தில் "பிளே" என்பதற்கு 4 எழுத்துதான். தமிழில் "விளையாடு" என்று எழுதச் சின்னப் பொத்தானில் இடம் இருக்காது. எந்திரத்திடம் மொழிபெயர்க்கச் சொன்னால், "பிளே" என்பதை "நாடகம்" என்று மாற்றிவிடவும் கூடும்! ஆள் வைத்துப் பார்க்க வேண்டும்.

மூன்றாவது காரணம், எல்லாவற்றிலும் பெரியது: வியாபாரம். செலவு செய்தால் வரவு உண்டா என்று கம்பெனி கணக்குப் பார்க்கிறது. "போக்கிமான் கோ" விளையாட்டு 2016 டிசம்பரில் இந்தியாவுக்கு வந்தது. அதில் இந்தி சேர்ந்தது 2023-ல். இத்தனை கோடிப் பேர் பேசும் மொழிக்கே சுமார் 7 வருஷம் பிடித்தது!

கணக்கில் வராத தமிழர்

இங்கே ஒரு வேடிக்கை இருக்கிறது. வேதனையும் இருக்கிறது.

ஆண்ட்ராய்டு விளையாட்டு செய்யும் கம்பெனிக்கு, பிளே ஸ்டோர் ஒரு கணக்கு காட்டுகிறது. எந்த நாட்டில் எத்தனை போன், எந்த மொழியில் எத்தனை போன் என்ற கணக்கு. அந்த மொழிக் கணக்கு, போனில் வைத்திருக்கும் மொழியைப் பார்த்துப் போடப்படுவது.

நம்மில் பலர் வீட்டில் பேசுவது தமிழ். படிப்பது தமிழ்ப் பத்திரிகை. போனை மட்டும் வாங்கிய அன்று இருந்தபடி ஆங்கிலத்திலேயே விட்டுவிடுகிறோம். கம்பெனியின் கணக்கில் நாம் ஆங்கிலக்காரர்கள்! "தமிழில் யார் கேட்கிறார்கள்?" என்று அவன் நினைத்தால் ஆச்சரியம் இல்லை.

ஆகவே, போனில் தமிழை முதல் மொழியாக வைப்பது ஒரு ஓட்டுப் போடுவது போல. இரண்டாவதாக ஆங்கிலம் இருப்பதால், தமிழ் இல்லாத விளையாட்டு ஆங்கிலத்தில் வரும். நஷ்டம் ஒன்றும் இல்லை. கணக்கில் மட்டும் ஒரு தமிழர் கூடுவார்.

சட்டம் என்ன சொல்கிறது?

கனடாவில் கியூபெக் மாகாணத்தார் பிரெஞ்சு மொழி பேசுகிறவர்கள். ஒரு வீடியோ விளையாட்டுக்கு உலகில் எங்காவது பிரெஞ்சுப் பதிப்பு இருந்தால், அதைத் தங்கள் கடைகளிலும் தர வேண்டும் என்ற விதி அங்கே 2009-ல் முழுமையாக அமலுக்கு வந்தது.

நம் நாட்டில் விளையாட்டுக்கு அப்படி விதி இல்லை. ஆனால் 2023-ல் இயற்றிய டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் ஒரு நல்ல காரியம் செய்திருக்கிறது. நம் விவரங்களைக் கேட்கும் கம்பெனி, எதற்காகக் கேட்கிறது என்று அறிவிப்புத் தர வேண்டும். அதை ஆங்கிலத்திலோ, அரசியல் சட்டத்தின் 8-வது அட்டவணையில் உள்ள 22 மொழிகளில் ஒன்றிலோ படிக்கும் வாய்ப்பும் தர வேண்டும். தமிழ் அந்த 22-ல் ஒன்று. 18 வயது ஆகாத பிள்ளைகளின் விவரத்துக்குப் பெற்றோரின் சம்மதமும் வேண்டும். இதற்கான விதிகள் 2025 நவம்பரில் வெளிவந்தன. அவை படிப்படியாக அமலுக்கு வரும்படி அமைந்தவை.

அறிவிப்பு தமிழில் வரும், விளையாட்டு வராது. ஆனாலும் "எதற்குச் சம்மதிக்கிறோம் என்று நம் மொழியில் தெரிந்துகொள்ளும் உரிமை உண்டு" என்பதைச் சட்டம் ஏற்றுக்கொண்டுவிட்டது. அது சின்ன விஷயம் அல்ல.

பெற்றோர் கவனத்துக்கு

சட்டம் வரும்போது வரட்டும். வீட்டில் இன்றே செய்யக்கூடியவை மூன்று.

மொழி மாறிப்போன விளையாட்டைச் சரி செய்யும் வரை பிள்ளையிடம் கொடுக்காதீர்கள்.

பிளே ஸ்டோரின் அமைப்புகளில், ஒவ்வொரு முறை வாங்கும்போதும் அடையாளம் கேட்கும்படி வையுங்கள். ஐபோனிலும் பிள்ளைகள் பெற்றோரின் அனுமதி கேட்டு வாங்கும் ஏற்பாடு உண்டு.

எழுத்துப் புரியாவிட்டாலும், எண்ணையும் ₹ குறியையும் பிள்ளைக்குக் காட்டிக் கொடுங்கள். "இந்தக் குறியைக் கண்டால் தொடாதே, எங்களைக் கூப்பிடு" என்று சொல்லி வையுங்கள்.

பிள்ளைகள் விளையாடட்டும். எதைத் தொடுகிறோம் என்று படித்துத் தெரிந்துகொண்டு விளையாடட்டும்.