வரைபடத்தில் பரண் இல்லை

கொல்லிமலையின் வளப்பூர் நாட்டில் கொத்து வேலை பார்க்கிறவன் நான். அரசு கொடுக்கும் தொகுப்பு வீடுகளுக்குக் கடைக்கால் போட்டிருக்கிறேன். சில வருஷம் கழித்து அதே வீடுகளுக்கு ஒழுகல் அடைக்கவும் போகிறேன். ‘குடிசையில்லாத் தமிழ்நாடு’ என்கிற கனவைப் பற்றிப் பேச அந்த உரிமை போதும் என்று நினைக்கிறேன்.

கனவில் குற்றமில்லை. கூரை வீட்டின் சுகத்தைப் புகழ்கிறவர்கள் ஐப்பசி அடைமழையில் ஒரு ராத்திரி அதில் படுத்துப் பார்க்கட்டும். கடற்கரைக்கும் மலைக்கும் ஒரே வரைபடம் என்பதில்தான் பிசகு.

2011-இல் வந்த பசுமை வீடு திட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 300 சதுர அடி. கூடம், படுக்கையறை, சமையலறை, கழிப்பறை, மழைநீர் சேகரிப்பு, சூரிய ஒளியில் எரியும் 5 விளக்குகள். காகிதத்தில் அருமையான வீடு. 70 கொண்டை ஊசி வளைவு ஏறிவந்த சிமெண்டில் கட்டிய அந்தப் படுக்கையறையில், நான் பார்த்த வீடுகளில், மிளகு மூட்டையும் சாமை மூட்டையும்தான் படுத்திருக்கின்றன. பழைய வீட்டில் அடுப்புக்கு மேலே பரண் இருந்தது. புகை ஏறி ஏறித் தானியத்தில் வண்டு விழாது. புதுச் சமையலறையில் விறகு மூட்டினால் கண்ணைத் திறக்க முடியாது. அதனால் பின்பக்கம் தகரம் போட்டு ஒரு சாய்ப்பு இறக்கி, அடுப்பை அங்கே கொண்டுபோய்விட்டார்கள். பேட்டரி செத்ததும் விளக்கும் போயிற்று. மொட்டை மாடியை மட்டும் யாரும் குறை சொல்ல மாட்டார்கள். மிளகு காயப்போட அதைவிட நல்ல களம் ஏது? வரைந்த இன்ஜினியர் அதை நினைத்தே இருக்க மாட்டார்.

குடிவந்தவர்கள் வீட்டை மாற்றிக்கொள்வது இங்கே மட்டும் நடப்பதல்ல. பின்னாளில் சண்டிகரை வடிவமைத்த கட்டடக் கலைஞர் லெ கார்பூசியே, 1920-களில் பிரான்ஸின் பெசாக்கில் தொழிலாளர்களுக்குத் தட்டைக் கூரை வீடுகள் கட்டினார். குடிவந்தவர்கள் அதன்மேல் சாய்கூரை போட்டார்கள், நீள ஜன்னலைச் சுருக்கினார்கள். அவ்வளவு பெரிய மேதைக்கே அந்தக் கதி!

2024-இல் அறிவித்த கலைஞர் கனவு இல்லத் திட்டத்தில் வீடு 360 சதுர அடி. அதில் 300-க்குத்தான் கான்கிரீட் கூரை. மீதி 60-க்குத் தீப்பிடிக்காத வேறு கூரையை வீட்டுக்காரரே தேர்ந்துகொள்ளலாம். யார் யோசனையோ, நல்ல யோசனை. மலையில் அந்த 60 சதுர அடியை விறகடுப்புக்கும் பரணுக்கும் என்று வரைபடத்திலேயே ஒதுக்குங்கள். கடைக்கால் தோண்டுமுன், அடுப்பு எங்கே வேண்டும், மூட்டை எங்கே அடுக்குவீர்கள் என்று வீட்டுப் பெண்களிடம் ஒரு வார்த்தை கேளுங்கள்.