பழைய கச்சேரியின் சுவர்கள்
மெல்பேண் நகரின் கார்ல்டனில் பத்தொன்பதாம் நூற்றாண்டில் கட்டப்பட்ட மதுவிடுதி 2016 ஒக்டோபரில் அனுமதியின்றி இடிக்கப்பட்டது. மக்கள் கொதித்தெழுந்தனர், இடித்தோருக்கு நீதிமன்றம் அபராதம் விதித்தது. ஒரு மதுவிடுதிக்கே இத்தனை அக்கறையா எனக் கிளென் வேவர்லித் தமிழர் வியக்கக்கூடும்.

யாழ்ப்பாணத்தின் பழைய கச்சேரியோ குடாநாட்டின் நிருவாகமே நடந்த இடம். போரில் சிதைந்து, கூரையின்றிப் பல்லாண்டுகள் பற்றைமண்டிக் கிடந்தது. 1981இல் எரியூட்டப்பட்ட யாழ் நூலகத்தைப் புனரமைத்தபோது, எரிந்த சுவர்களை நினைவுச்சின்னமாக விட்டுவைக்குமாறு சிலர் கேட்டனர். அது நடக்கவில்லை, வெண்பூச்சு யாவற்றையும் மூடிவிட்டது. கச்சேரிக்கும் அக்கதி நேரலாகாது. அவ்வளவில் புதுக்கட்டடம் எழுந்தாலும் பழைய சுவர்கள் நிலைக்க வேண்டும். ஊர்க்கோயில் கோபுரங்களுக்கு வாரி வழங்கும் புலம்பெயர் உறவுகள் (அதுவும் வேண்டியதே) இச்சுவர்களை அளந்து வரைபடமாக்கவும், சரியாது தாங்கவும் அடுத்த மாரிக்கு முன்னரே கைகொடுக்கட்டும்.